இருபத்தொன்றாவது குழாய்

இரையுமன்துறையில் கடல்
தன் ஊரின் பெயரைத் தானே சொல்லிக்கொண்டிருக்கிறது.
மீன் ஏலம் முடிந்த சிமெண்டுத் தரையில்
நீல மூடிக் குழாய்களை அடுக்குகிறேன். இருபத்தொன்று.
அரை மணி நேரம் எதுவும் தின்னக் கூடாது, வெற்றிலையும் கூடாது.
பிறகு இந்தக் கோடு வரை துப்ப வேண்டும்.
நுரை கணக்கில் சேராது.

"எதுக்கு மோளே இந்தத் துப்பலு?"
ததேயு, படகின் அணியத்தில் சிவப்பு அடித்தபடி.
நாம் எங்கிருந்து வந்தோம் என்று பார்க்க.
"நான் பூத்துறையில இருந்து வந்தேன். பெண்ணு கெட்டி."

சிரித்துவிட்டு, மனப்பாடமான பாடத்தைத் தொடங்குகிறேன்:
அம்மாவின் அம்மாவின் அம்மா என்று ஏறிக்கொண்டே போனால்
ஆப்பிரிக்காவில் ஒரு கவை.
ஒரு கிளையில் தெற்கே, பாலை நிலத்தில் அவர்களில் பலர்;
மறு கிளையில் பூத்துறை, இரையுமன்துறை, மற்ற எல்லாரும்.
சான் என்பது அயலார் வைத்த பெயர்.
அவர்களில் ஒரு கூட்டம் தன்னைச் சொல்லும் பெயருக்கு நடுவே
நாக்கைப் பல்லில் ஒட்டி இழுத்துவிடும் ஒரு சொடுக்கு உண்டு.
ஜு          ஹோவன்சி.
நம் இருநூற்று நாற்பத்தேழில் அதற்கு எழுத்தில்லை.
இடம் விட்டிருக்கிறேன்.

"அப்பம் அவிய நமக்கு மூத்தவியளா?"
இல்லை. அவர்களும் இன்று காலையில் எழுந்தவர்கள்.
யாருக்காவது ரீசார்ஜ் தீர்ந்திருக்கும்,
யாராவது பள்ளிக்கூட வண்டியைத் தவறவிட்டிருப்பார்கள்.
கவையிலிருந்து அவர்களும் நாமும் ஒரே தூரம்.

போனில் ஒரு பாறையைக் காட்டுகிறேன்.
சாகும் எலாண்ட் மான், தலை தொங்க, பின்னங்கால்கள் பின்னி.
அதன் வாலைப் பிடித்தபடி ஒரு மனிதன்.
அவன் கால்களும் அப்படியே பின்னி.
ததேயு விரலால் பெரிதாக்கிப் பார்க்கிறார்.
மானின் விலாவில் எனாமல் ஒட்டுகிறது.
"வரைஞ்சவன் அறுத்தவன். இல்லேன்னா இந்தத் தோளு வராது."
காவிக்கல்லில் அதன் இரத்தத்தையே குழைத்தார்கள் என்பார்கள், என்றேன்.
"நான் மண்ணெண்ணெய் கலக்கேன்" என்றார்,
ஏதோ தோற்றுப்போனதுபோல.

நாலு பக்க ஒப்புதல் தாளை
முழுக்க வாசித்த ஒரே ஆள் பிரகாசி.
கையெழுத்துப் போடவில்லை. உட்காரவும் இல்லை.

"ஒக்கிக்குப் பொறவும் வந்தாவ.
எனக்க மவனுக்க வாயில பஞ்சு விட்டு எடுத்தாவ.
கோழிக்கோட்டுல ஐஸ் பெட்டியில கெடந்த ஒருத்தன்
இவனுக்க அப்பனான்னு பாக்க."

காத்திருந்தேன்.

"இல்லையாம்."

பிறகு: "இப்பம் நீ ஆரத் தேடுதே?"

என்னிடம் விடை இருந்தது.
ஐம்பது, அறுபதாயிரம் ஆண்டுக்கு முன்
கரையோரமாகவே நடந்து வந்து
இந்த மணலையும் மிதித்திருக்கலாம் என்று
கருதப்படும் சிலரை.
சொல்லியும்விட்டேன்.
சொல்லும்போதே என் குரல் வகுப்பறைக் குரலாக மாறியது
எனக்குக் கேட்டது.

"அம்புட்டுப் பழைய ஆளைத் துப்பல்ல பிடிச்சிருவே.
ஏழு வருசத்து ஆளை?"

நாக்கைப் பல்லில் ஒட்டி
ஒரே ஒருமுறை இழுத்துவிட்டாள்.

இரக்கமா, மறுப்பா, தெரியவில்லை.
நமக்கு இரண்டுக்கும் அது ஒன்றுதான்.
அங்கே அதில் சொல் தொடங்கும்.
இங்கே அதோடு பேச்சு முடியும்.
கருமணலில் செருப்பைத் தட்டி உதறிவிட்டு
பொழிமுகம் பக்கமாக நடந்துபோனாள்.

சாயங்காலம் வரை இருபது பேர் துப்பினார்கள்.
ததேயுவின் குழாயில் மட்டும் ஒரு சிவப்புப் பெருவிரல்.
போகும்போது பார்த்தேன்,
அணியத்தில் அவர் போட்டிருந்த சூரைமீனுக்கு
எந்தச் சூரைக்கும் இல்லாத ஒரு தோள் இருந்தது.

வெறும் குழாயையும் மூடி
மற்றவற்றோடு பெட்டியில் வைத்தேன்.
எண் எழுதுமிடத்தில் என்ன எழுதுவதென்று தெரியாமல்
விட்டுவிட்டேன்.
மார்த்தாண்டம் போய்ச் சேரும்வரை
ஒவ்வொரு பள்ளத்திலும் அது
பக்கத்துக் குழாயில் தட்டிக்கொண்டே வந்தது.